மாதிரி எண் பதினேழு

சீர்காழி தாண்டிக் கிழக்கே போகிற சாலையில்
ஒரு பெருமாள் கோயில் ஊர். பெயர் வேண்டாம்.
என் படிவத்தில் அது மாதிரி எண் பதினேழு.
கடல் எட்டு கிலோமீட்டர்.
நிலத்தடியில் இன்னும் கிட்ட.

தண்ணீரின் உப்பை அளப்பது என் வேலை.
ஒரு போர், ஒரு வாய்க்கால், கோயில் கிணறு, ஒரு வயல்.
கோயில் பூட்டியிருந்தது.
சாரநாத பட்டர் நான்கு பெருமாளுக்கும் ஒரே ஆள்.
டிவிஎஸ் வண்டி, நான்கு சாவி, ஒரு தூக்குவாளி,
ஹேண்டில்பாரில் துளசிப் பை.
பத்தே முக்காலுக்கு வந்தார்.
"பெருமாளுக்கு இன்னிக்கு லேட்டு. அதான் உங்களுக்கும்."

மண்டபச் சுவரில் சலவைக்கல், பத்துப் பாசுரம்,
அதைவிடப் பெரிய எழுத்தில் உபயதாரர்.
சாமி கும்பிடாத வீட்டில் வளர்ந்தவள் நான்.
அறிக்கை படிக்கிற பழக்கத்தில் படித்தேன்.

ஆயிரத்துச் சொச்சம் வருஷத்துக்கு முன்னால்
ஒருவர் இங்கே கள ஆய்வுக்கு வந்திருக்கிறார்.
முதல் இரண்டடியில் பெருமாள் உலகளக்கிறார், யானை காக்கிறார்.
பிறகு இரண்டடி முழுக்க ஊர்தான்:
என்ன மீன், என்ன பூ, எந்தக் கரையில் எந்தப் பறவை.
தெய்வத்துக்கு விலாசம் எழுதுகிறவர் போல
ஒன்றையும் விடவில்லை.

பேனா கையில்தான் இருந்தது.
படிவத்தின் பின்பக்கம் குறித்தேன்:

தாழை: உண்டு, வாய்க்கால் கரையில் மூன்று புதர்.
செருந்தி: யாருக்கும் தெரியவில்லை.
குவளை: இல்லை. ஆகாயத்தாமரை ஏராளம்.
அன்னம்: பொருந்தாது.
நாரை: உண்டு, இறால் பண்ணை மேட்டில், ஒற்றைக்காலில்.
மாட மாளிகை: ஒன்று. துபாய்ப் பணம்.
மறை ஓதுவோர்: ஒருவர்.
வண்டு: எழுதி முடிக்கும்வரை என் காதருகே.

கிணற்றுத் தண்ணீரில் மீட்டர் ஓடி ஓடி
நாலு புள்ளி ஆறில் நின்றது.
"குடிக்கலாமா?"
கூடாது.
"குளிக்கலாமா?"
யார்?
அவர் கருவறைப் பக்கம் கண்ணைக் காட்டினார்.
படிவத்தில் அதற்குக் கட்டம் இல்லை.

மடைப்பள்ளியில் நீலக் கேன்கள்.
இருபது லிட்டர், முப்பத்தைந்து ரூபாய்.
மூன்று வருஷமாகத் திருமஞ்சனம் இதில்தானாம்.
கேனைச் சாய்த்துக்கொண்டே பாசுரம் சொன்னார்.
பொன்னி அகிலை உருட்டிக்கொண்டு வருகிற இடத்தில்
கேன் குபுக்கென்று காற்றை விழுங்கியது.
அவர் நிறுத்தவில்லை.
சொட்டியதில் கொஞ்சம் பிடித்து அதையும் அளந்தேன்:
பூஜ்யம் புள்ளி ஒன்று.
இந்த ஊரில் பாட்டிலிருக்கிற காவிரிக்குக்
கிட்டத்தில் வருகிற எண் அது ஒன்றுதான்.

திரும்பும்போது குளத்தில் ஏதோ துள்ளியது.
கயல் என்றேன்.
சொன்ன பிறகுதான் சொன்னது தெரிந்தது.
"ஜிலேபி, மேடம். ஆப்பிரிக்காவுலேர்ந்து வந்ததாம்.
உப்பையும் தாங்கறது, சாக்கடையையும் தாங்கறது.
ஆனா ஊர்ல ஜிலேபிக் கெண்டைன்னுதானே சொல்றா?
கெண்டை துள்றதுன்னு பாடினார், துள்றது.
பாட்டுக்கு ஒரு குறையுமில்லே."
சாவிக் கொத்தை இடுப்பில் செருகி
அடுத்த பெருமாளுக்குக் கிளம்பிவிட்டார்.

கடைசியில் வயல் மண்.
துளைக்கருவியோடு சம்பாவுக்குள் இறங்கினேன்.
நெல் இடுப்பளவு. நுனி லேசாகக் கருகியிருந்தது.
வரப்பிலிருந்து பவுனாம்பாள் கத்தினாள்,
"ஓரமா எடும்மா, நட்ட நடுவுல மிதிக்காதே!"

தையில் பாடினவரின் பல்லக்கு
இதே வயலைக் குறுக்கே மிதித்துக்கொண்டு போகுமாமே,
அதற்கு மட்டும் சம்மதமா என்றேன்.

"அது பாடின காலு. மிதிச்ச எடத்துல நெல்லு கூடும்.
நீ என்ன, பாட்டா எழுதப் போறே?"

இல்லையென்று தலையாட்டி
படிவத்தை முன்பக்கமாகத் திருப்பிக்கொண்டேன்.